லில்லி எல்சி: புகழின் உச்சத்தில் மேடையை விட்டுப் போன நடிகை

கேள்வி இதுதான்: பழைய அஞ்சலட்டைப் படங்களில் அகலத் தொப்பியோடு அடிக்கடி தென்படும் லில்லி எல்சி என்ற ஆங்கிலேய நடிகை யார்? லண்டனே கொண்டாடிய ஒருவர் 25 வயதில் மேடையை விட்டுப் போனது ஏன்? பணக்காரரைக் கல்யாணம் செய்துகொண்டதுதான் காரணமா?

கல்யாணம் நடந்தது உண்மை, மாப்பிள்ளை பெரும் பணக்காரர் என்பதும் உண்மை. ஆனால் அதை மட்டும் காரணமாகச் சொன்னால் பாதிக் கதைதான் வரும். அவர் எப்படி நட்சத்திரமானார் என்பதைப் பார்த்தால்தான் மீதிப் பாதி புரியும்.

எட்வர்டிய காலம் என்பது ஏழாம் எட்வர்ட் ஆண்ட 1901 முதல் 1910 வரை. வழக்கத்தில் முதல் உலகப்போர் தொடங்கும் வரை அதை நீட்டிக்கொள்வார்கள். அன்றைய லண்டனில் கூட்டம் அலைமோதியது மியூசிக்கல் காமெடி என்ற இசை நாடகங்களுக்கு. கதை மெல்லியதாக இருக்கும். கடையில் வேலை பார்க்கும் ஒரு பெண், வேஷம் மாறி வரும் ஒரு பிரபு, நடுவில் ஆள்மாறாட்டம், கடைசியில் கல்யாணம். இடையிடையே பாட்டும் நடனமும். உடைகள் மட்டும் அந்த வருடத்து நாகரிகத்தின் உச்சியில் இருக்கும். சீமாட்டிகள் நாடகத்துக்கு வந்து அடுத்த மாதம் என்ன தைத்துக்கொள்வது என்று முடிவு செய்துவிட்டுப் போவார்கள்.

இந்தத் தொழிலின் பெரிய முதலாளி ஜார்ஜ் எட்வர்ட்ஸ். கெயிட்டி, டேலிஸ் என்ற இரண்டு முக்கியமான தியேட்டர்கள் அவர் கையில் இருந்தன. கெயிட்டியில் கலகலப்பான நாடகங்கள். லெஸ்டர் சதுக்கத்தை ஒட்டி 1893-இல் திறந்த டேலிஸில் இசை கொஞ்சம் கனமாக இருக்கும். 1896-இல் அங்கே போட்ட 'தி கெய்ஷா' 760 முறை நடந்தது. எட்வர்ட்ஸ், பின்னணியில் குழுவாகப் பாடி ஆடும் தன் கோரஸ் பெண்களுக்குப் பாட்டு, நடனம், பேச்சு எல்லாவற்றுக்கும் பயிற்சி கொடுத்தார். அதன் பலன் அவர் எதிர்பார்த்ததற்கும் மேலே போனது: பிரபுக்கள் வரிசையாக வந்து அவர் நடிகைகளைக் கல்யாணம் செய்துகொண்டு போனார்கள். 1901-இல் ரோசி பூட் என்ற கெயிட்டி நடிகை ஹெட்ஃபோர்ட் பிரபுவின் மனைவியானார். கெர்ட்டி மில்லர், டெனிஸ் ஓர்ம் என்று அந்தப் பட்டியல் நீளும். 'நடிகை, பணக்காரர், கல்யாணம், ஓய்வு' என்ற கதை எல்சிக்கும் சுலபமாக ஒட்டிக்கொண்டதற்கு இதுவே காரணம். அன்றைய பத்திரிகைகளுக்கு அது ஏற்கெனவே தயாராக இருந்த அச்சு.

இனி எல்சிக்கு வருவோம். பிறந்தது 1886 ஏப்ரல் 8, இங்கிலாந்தின் வடபகுதியில் லீட்ஸை ஒட்டிய ஆர்ம்லியில். பிறந்தபோது பெயர் எல்சி ஹோடர். அம்மா சார்லட் அப்போது மணமாகாதவர். 1891-இல் அவர் நாடகக் கொட்டகையில் வேலை பார்த்த வில்லியம் காட்டனை மணந்ததும், மகள் எல்சி காட்டன் ஆனாள். காட்டன் வீட்டில் நாடகப் பேச்சுக்குக் குறைவில்லை. எல்சிக்குச் சித்தப்பா முறையான வில்ஃபிரட் காட்டன் மணந்தது ஏடா ரீவ் என்ற புகழ்பெற்ற நடிகையை.

குடும்பம் மான்செஸ்டர் பக்கம் குடியேறியது. சிறுமி பத்து வயதுக்குள்ளாகவே 'லிட்டில் எல்சி' என்ற பெயரில் மேடையேறிவிட்டாள். பிரபலங்களைப் போல நடித்துக் காட்டுவது, பாடுவது, ஆடுவது எல்லாம் உண்டு. 1896 கிறிஸ்துமஸ் பருவத்தில் மான்செஸ்டர் குவீன்ஸ் தியேட்டரில் 'லிட்டில் ரெட் ரைடிங் ஹூட்' நாடகத்துக்கு அவள்தான் கதாநாயகி. மற்றப் பிள்ளைகள் பள்ளிக்கூடம் போன வயதில் இவள் ஊர் ஊராக ரயிலேறி நடித்துக்கொண்டிருந்தாள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். 25 வயதில் ஓய்வு என்று கேட்டால் அவசரப்பட்டுவிட்டார் என்று தோன்றும். ஆனால் அப்போது அவர் கிட்டத்தட்ட பதினைந்து வருடம் உழைத்து முடித்திருந்தார்.

1900 வாக்கில் லில்லி எல்சி என்று பெயரை மாற்றிக்கொண்டு லண்டன் வந்தார். 1903-இல் 'எ சைனீஸ் ஹனிமூன்' நாடகத்தில் இன்னொருவர் நடித்துக்கொண்டிருந்த இளவரசி சூ-சூ வேடத்தை ஏற்றார். பிறகு எட்வர்ட்ஸின் கம்பெனியில் சின்னதும் நடுத்தரமுமாகப் பல வேடங்கள். அதில் ஒன்று நமக்குச் சுவாரசியமானது. 1904-இல் டேலிஸில் போட்ட 'தி சிங்கலீ' நாடகத்திலும் எல்சி நடித்தார். அது இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் நடக்கும் கதை, 365 முறை நடந்தது. அதில் வரும் வக்கீலின் பெயர் சம்பட்டி ராம்! இப்படி ஒரு பெயரை யாழ்ப்பாணத்திலும் கேட்டிருக்க மாட்டீர்கள், காலியிலும் கேட்டிருக்க மாட்டீர்கள். லண்டன்காரர்களின் கற்பனை இலங்கை அது. பாட்டுகள் நன்றாக இருக்கும், மற்றதை விட்டுவிடலாம்.

1906 முடியும்போது எல்சிக்கு இருபது வயது. பார்க்க அழகு, குரல் இனிமை, ஆனால் கூச்ச சுபாவம். இவர் பெரிய நட்சத்திரமாவார் என்று பந்தயம் கட்ட யாரும் இருந்திருக்க மாட்டார்கள்.

அந்த நேரத்தில் வியன்னாவிலிருந்து ஒரு நாடகம் கிளம்பியது. இசையமைப்பாளர் ஃபிரான்ஸ் லெஹாரின் 'மெர்ரி விடோ', 1905 டிசம்பர் 30 அன்று அரங்கேறி ஐரோப்பாவைக் கலக்கிக்கொண்டிருந்தது. பெரும் சொத்துள்ள இளம் விதவை ஒருத்தி. அவளைப் பழைய நாளில் காதலித்த டானிலோ. அவள் இப்போது பணக்காரி என்பதாலேயே, காதலிக்கிறேன் என்று சொல்வதில்லை என அவன் வைராக்கியமாக இருக்கிறான். எட்வர்ட்ஸ் லண்டன் உரிமையை வாங்கினார். வியன்னாவில் விதவையாக நடித்த மிட்சி குந்தரையே அழைத்து வருவதாகத்தான் முதலில் பேச்சு. குந்தர் பெரிய பாடகி, ஆனால் லண்டன் ரசிகர்கள் எதிர்பார்க்கும் தோற்றம் அவரிடம் இல்லை என்று எட்வர்ட்ஸ் பின்வாங்கினார். எல்சியைக் கூப்பிட்டார்.

எல்சி முடியாது என்றார். தன் குரல் மெலிது, இந்தப் பாத்திரத்துக்குக் காணாது என்பது அவர் பயம். பயம் நியாயமானதுதான், லெஹாரின் இசை ஓபரா பாடகிகளை மனதில் வைத்து எழுதியது. எட்வர்ட்ஸ் விடவில்லை. பெர்லினுக்கு அழைத்துப்போய் நாடகத்தைக் காட்டி, பேசிப் பேசிச் சம்மதிக்க வைத்தார்.

சம்மதம் வாங்கியதும் எட்வர்ட்ஸ் செய்த அடுத்த காரியத்தைத்தான் நான் மிக முக்கியமானதாக நினைக்கிறேன். எல்சியை லூசில் என்ற தையல் நிபுணரிடம் ஒப்படைத்தார். லூசில் என்பது தொழில் பெயர், ஆள் லேடி டஃப்-கார்டன். பின்னால் 1912-இல் டைட்டானிக் கப்பலில் போய் உயிர்தப்பியவர் என்று சிலருக்குத் தெரிந்திருக்கும். எட்வர்ட்ஸ் அவரிடம் கேட்டது உடைகளை மட்டுமல்ல. இந்தப் பெண்ணுக்கு ஒரு ஆளுமையையே உண்டாக்கிக் கொடுங்கள் என்றாராம். லூசில் தன் நினைவுக் குறிப்பில் இதை விரிவாகச் சொல்கிறார். மேடையைக் கடந்து நடப்பது, நிற்பது, தலையைத் திருப்புவது என்று ஒவ்வொரு அசைவையும் எல்சிக்குச் சொல்லிக்கொடுத்து, இருவரும் சேர்ந்து ஒத்திகை பார்த்தார்களாம். தலைமுடியை எப்படிக் கட்டுவது என்பதையும் லூசிலே முடிவு செய்தார். உடலை இறுக்காமல் மார்புக்குக் கீழிருந்து நேராக வழியும் மெல்லிய துணி உடைகள், அவற்றுக்கு மேலே இறகு வைத்த மாபெரும் தொப்பி.

லூசில் தன் பெருமையைக் குறைத்துச் சொல்லும் ஆள் இல்லை, அதனால் கொஞ்சம் தள்ளுபடி செய்துதான் படிக்க வேண்டும். அப்படியும் 1907-க்கு முந்தைய எல்சியின் படங்களையும் பிந்தைய படங்களையும் அடுத்தடுத்து வைத்துப் பாருங்கள். முந்தையவற்றில் ஒரு அழகான கோரஸ் பெண். பிந்தையவற்றில் யாரையும் கண்டுகொள்ளாமல் தூரத்தில் எதையோ பார்த்துக்கொண்டிருக்கும் ஒரு ராணி.

ஆண் வேடத்துக்கு எட்வர்ட்ஸ் பிடித்தது இன்னும் பெரிய சூதாட்டம். ஜோசஃப் கோய்ன், அமெரிக்கக் காமெடி நடிகர், பாடவே வராது. லெஹார் ஒத்திகைக்கு வந்தபோதெல்லாம் கோய்னுக்குத் தொண்டை சரியில்லை, ஜலதோஷம் என்று எட்வர்ட்ஸ் சமாளித்துவந்தாராம். கடைசி ஒத்திகையில் உண்மை வெளிப்பட்டுவிட்டது. இசை ஓட ஓட கோய்ன் பாட்டு வரிகளைப் பேசிக்கொண்டே போகிறார்! லெஹாருக்கு எப்படி இருந்திருக்கும்? அவர் வாத்தியக்காரர்களை நிறுத்திவிட்டார் என்றும், கோய்ன் வேடிக்கையான ஆள் என்று எட்வர்ட்ஸ் சமாதானம் சொல்ல, நான் வேடிக்கை இசை எழுதவில்லையே என்று அவர் வெடித்தார் என்றும் நாடக உலகில் ஒரு கதை உண்டு. ஆனால் மேடையில் அது எடுபட்டது. பாட முடியாத ஒருவனின் தயக்கம், மனதிலிருப்பதைச் சொல்லமாட்டேன் என்று நிற்கும் டானிலோவுக்குக் கச்சிதமாகப் பொருந்திப்போனது.

1907 ஜூன் 8 அன்று டேலிஸில் முதல் நாள். லெஹாரே இசைக்குழுவை நடத்தினார். லண்டன் வடிவத்தில் விதவையின் பெயர் சோனியா, நாட்டின் பெயர் மார்சோவியா. தூதர் போபாஃப் வேடத்தில் ஜார்ஜ் கிரேவ்ஸ் இருந்தார். ஹெட்டி என்ற கோழியைப் பற்றித் தானாகச் சேர்த்துக்கொண்ட துணுக்குகளால் அவர் சிரிப்பலையைக் கிளப்பினார். ஆனால் அந்த இரவை எல்சிக்கு எழுதிக்கொடுத்தது இரண்டாம் அங்கத்து வால்ட்ஸ், அதாவது ஜோடியாகச் சுழன்று ஆடும் நடனம்.

அந்த இடத்தைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்க வேண்டும். இருவரும் தனியாக நிற்கிறார்கள். இவன் வாயைத் திறக்கமாட்டான், அவளும் தானாகக் கேட்கமாட்டாள். பின்னணியில் வால்ட்ஸ் மெதுவாகத் தொடங்குகிறது. இருவரும் ஆடுகிறார்கள். பாட்டுக்கு அங்கே வார்த்தையே கிடையாது, மெட்டை முனகுவதோடு சரி. அந்த மெட்டுக்கு வார்த்தைகள் வருவது மூன்றாம் அங்கத்தில்தான். அதாவது நாடகத்தின் மிகப் பெரிய காதல் காட்சியில் பெரிய குரலுக்கு வேலையில்லை. உடம்பு எப்படி அசைகிறது, பார்வை எங்கே போகிறது, எப்போது அசையாமல் நிற்கிறது என்பதுதான் எல்லாம். எல்சிக்கு இல்லாத திறமை அங்கே தேவைப்படவில்லை. இருந்த திறமை மட்டும்தான் தேவைப்பட்டது. கூச்சத்தால் அடங்கி இருப்பவர் மேடையில் மர்மமானவராகத் தெரிந்தார். லூசில் கற்றுக்கொடுத்த அசைவுகளுக்கு உயிர் கொடுத்தது எல்சியிடம் இயல்பாக இருந்த இந்த ஒதுங்கல்தான் என்பது என் கருத்து. அது யாரும் தைத்துக் கொடுக்க முடியாத சங்கதி.

நாடகம் 778 முறை நடந்தது. மன்னர் ஏழாம் எட்வர்ட் நான்கு முறை வந்து பார்த்தார் என்பார்கள். 'மெர்ரி விடோ தொப்பி' என்று கடைகளில் விற்க ஆரம்பித்தார்கள். அகலம் கூடிக்கொண்டே போய், பின்னால் உட்கார்ந்திருப்பவருக்கு மேடை தெரியாது என்று கேலிச் சித்திரங்கள் வந்தன. அதே நாடகம் அட்லாண்டிக்கின் அந்தப் பக்கமும் வேறு நடிகையோடு ஓடியது. அங்கே 1908-இல் ஒரு காட்சிக்கு வந்த பெண்களுக்கு நினைவுப் பரிசாகத் தொப்பி தருகிறோம் என்று அறிவித்தார்கள். தொப்பிகளைவிடப் பெண்கள் அதிகமாக வந்து சேர, தள்ளுமுள்ளாகி நியூயார்க் பத்திரிகைகளில் செய்தியானது.

இதோடு சேர்ந்தது அஞ்சலட்டை. பிரிட்டனில் 1902 முதல் அட்டையின் ஒரே பக்கத்தில் விலாசமும் சேதியும் எழுதலாம் என்றானது. மறுபக்கம் முழுக்கப் படத்துக்கு விடப்பட்டது. தபால் செலவு அரை பென்னி. ஃபோல்ஷாம் அண்ட் பேன்ஃபீல்ட், ரீட்டா மார்ட்டின் போன்ற ஸ்டூடியோக்கள் நடிகைகளைப் படமெடுத்துத் தள்ளின. எல்சியை எத்தனை கோணத்தில் எடுத்தார்கள் என்பதற்குக் கணக்கே இல்லை. டேலிஸ் வாசலை மிதிக்காதவர்கள் வீட்டிலும் அவர் முகம் ஆல்பத்தில் இருந்தது. பலருக்கு அவர் குரல் எப்படி இருக்கும் என்றே தெரியாது. சினிமாவுக்கு முன்னாலேயே சினிமா நட்சத்திரம் போலப் புகழ் பெற்றவர் என்று சொன்னால் மிகையாகாது.

இந்தப் புகழ் அவருக்குப் பிடித்திருந்ததா? அங்கேதான் உங்கள் இரண்டாவது கேள்விக்குப் பதில் இருக்கிறது. எல்சிக்கு உடம்பு அடிக்கடி படுத்தியது. ரத்தசோகை இருந்தது, அறுவைச் சிகிச்சையும் நடந்தது. அவர் மேடையேறாத இரவுகள் அதிகமாக, 'எப்போதாவது வரும் நடிகை' என்று கிண்டலும் கிளம்பியது. ரசிகர் கூட்டத்தையும் ஆண்களின் மொய்ப்பையும் அவர் ரசிக்கவில்லை. ஆண்கள் மீது அவருக்கு மதிப்பே இல்லை, கொஞ்சம் எட்டி நிறுத்தினால்தான் அவர்கள் ஒழுங்காக நடந்துகொள்வார்கள் என்று நினைத்தார் என லூசில் எழுதுகிறார். வாரத்துக்கு எட்டுக் காட்சி, பகலில் ஸ்டூடியோ, வெளியே போனால் கூட்டம். பயந்த சுபாவமுள்ள ஒருவர் நான்கு வருடம் இதைத் தாங்கியதே பெரிது.

இடையில் வெற்றிகள் தொடர்ந்தன. 1909-இல் 'தி டாலர் பிரின்ஸஸ்', 428 காட்சிகள். 1911 மே மாதம் லெஹாரின் 'தி கவுன்ட் ஆஃப் லக்ஸம்பர்க்'. முதல் நாளுக்கு ஐந்தாம் ஜார்ஜ் மன்னரும் ராணி மேரியும் வந்திருந்தார்கள், லெஹாரும் வந்து இசைக்குழுவை நடத்தினார். இதில் எல்சியும் பெர்ட்ரம் வாலிஸும் ஒரு படிக்கட்டில் ஏறி இறங்கிக்கொண்டே ஆடும் வால்ட்ஸ் ஊர்ப் பேச்சானது. நீளமான கவுனோடு, பாடவும் வேண்டும், படியையும் பார்க்கக் கூடாது. நோஞ்சான் உடம்புக்காரருக்கு யார்தான் இப்படி ஒரு காட்சி அமைத்தார்களோ!

அதே வருடம் நவம்பரில் கல்யாணம். மணமகன் ஜான் இயன் புல்லோ. லங்காஷயரின் அக்ரிங்டனில் நெசவு இயந்திரங்கள் செய்து பெரும் பணம் சேர்த்த குடும்பம் அது. அவருக்கு இது இரண்டாம் மணம். முதல் மனைவி மாடி டாரெலும் இசை நாடக நடிகைதான், 1910-இல் இறந்துபோனார். நாடகம் ஓடிக்கொண்டிருக்கும்போதே எல்சி விலகினார். ஆக, கல்யாணம் வெளியே போகும் வாசலாக அமைந்தது. எழுந்து போக வேண்டிய களைப்பு அதற்கு வெகு முன்பே சேர்ந்துவிட்டது என்பதுதான் என் கணிப்பு.

வாழ்க்கை நினைத்தபடி அமையவில்லை. புல்லோ குடிப்பழக்கம் உள்ளவர், எல்சியின் உடல்நிலையும் தேறவில்லை. போர்க் காலத்தில் நற்காரியங்களுக்காகச் சில மேடைகள், 1915-இல் ஒரு நாடகம், 1917-இல் 'பமீலா'. 1919-இல் 'காம்ரேட்ஷிப்' என்ற ஊமைப் படம். 1920 வாக்கில் தம்பதி குளோஸ்டர்ஷயர் கிராமம் ஒன்றில் குடியேறினார்கள். குதிரை, நரி வேட்டை, விருந்து என்று சில வருடங்கள் அப்படியே கழிந்தன. 1927-இல் 'தி புளூ டிரெயின்' என்ற இசை நாடகத்துக்கு வந்தார். 1928-இல் ஐவர் நோவெல்லோ தான் எழுதிய 'தி ட்ரூத் கேம்' நாடகத்தில் அவரை நடிக்க வைத்தார். சின்ன வயதில் எல்சியின் பரம ரசிகராக இருந்தவர் நோவெல்லோ. அதுதான் எல்சியின் கடைசிப் பெரிய மேடை. 1930-இல் விவாகரத்து.

அப்புறம் வந்த முப்பது வருடங்களை நான் வேகமாகத்தான் கடக்கப் போகிறேன். மனநிலை பாதிக்கப்பட்டது. மருத்துவ இல்லங்கள், சுவிட்சர்லாந்து சானடோரியம் என்று அலைந்தார். மூளையில் அறுவைச் சிகிச்சை செய்தார்கள், அதன் பிறகு ஓரளவு தேறினார் என்று சொல்லப்படுகிறது. கடைசி வருடங்கள் லண்டனின் டாலிஸ் ஹில் பகுதியில் செயின்ட் ஆண்ட்ரூஸ் மருத்துவமனையில் கழிந்தன. 1962 டிசம்பர் 16 அன்று, 76 வயதில் காலமானார். இந்தக் கடைசிப் பகுதியை வைத்து அவர் வாழ்க்கை முழுவதையும் சோகக் கதையாக எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. அன்றைய மருத்துவம் மனநோயை எப்படி நடத்தியது என்பது வேறு விஷயம், அதை மேடை வாழ்க்கையின் விளைவாக முடிச்சுப் போட ஆதாரம் வேண்டும்.

அவருடைய நீண்ட நிழல் விழுந்த இடம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். புகைப்படக் கலைஞர் செசில் பீட்டன் மூன்று வயதுப் பிள்ளையாக அம்மாவின் படுக்கையில் ஏறியபோது, அங்கே தபாலோடு கிடந்த ஓர் அட்டையில் எல்சியின் படத்தைப் பார்த்தாராம். தனக்குப் புகைப்படத்தின் மீது பைத்தியம் பிடித்தது அந்த நொடியில்தான் என்று அவரே எழுதியிருக்கிறார். வளர்ந்து எல்சிக்கு நண்பரும் ஆனார். 1956-இல் நியூயார்க்கில் அரங்கேறிய 'மை ஃபேர் லேடி' இசை நாடகத்துக்கும், பிறகு 1964-இல் வந்த படத்துக்கும் உடை அமைத்தவர் இதே பீட்டன்தான். படத்தில் குதிரைப் பந்தயக் காட்சியில் ஆட்ரி ஹெப்பர்ன் சுமந்து நிற்கும் அந்த ராட்சதத் தொப்பி எங்கிருந்து வந்தது என்று இப்போது ஊகிக்கலாம்.

பாடகியாக எப்படி என்ற கேள்வியும் அடிக்கடி வரும். சின்னக் குரல், சுத்தமான உச்சரிப்பு, பெரிய உச்சங்களுக்குப் போகாத பாட்டு. பிற்பாடு 1923-இல் டேலிஸில் அதே விதவை வேடத்தை ஏற்ற ஈவ்லின் லே போன்றவர்களோடு குரலை மட்டும் ஒப்பிட்டால் எல்சி தோற்கலாம். ஆனால் லண்டனில் அந்த வேடம் எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு அளவுகோலாக நின்றது எல்சியின் நடிப்புதான்.

மேற்கொண்டு பார்க்க ஆசையிருந்தால் லண்டன் நேஷனல் போர்ட்ரெயிட் கேலரியின் இணையதளத்தில் அவர் பெயரைப் போட்டுத் தேடுங்கள், ஏராளமான படங்கள் கிடைக்கும். 1907-க்கு முந்தையதையும் பிந்தையதையும் பிரித்துப் பாருங்கள். டேலிஸ் தியேட்டரைத் தேடிப் போக வேண்டாம், 1937-இல் இடித்துவிட்டு அங்கே சினிமா தியேட்டர் கட்டிவிட்டார்கள். இன்னொன்று: இணையத்தில் 'மெர்ரி விடோ' என்று தேடினால் 1934-இல் வந்த ஹாலிவுட் படமும் வரலாம். அதில் நடித்தவர் ஜெனட் மெக்டொனால்டு, எல்சிக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.